ஒற்றைக் கை ஜாக்கெட்

அத்தியாயம் 6

"பாஸ், லேக்போர்ட்ல பொறந்து, லேக்போர்ட்லயே வளர்ந்து, தலை நரைக்கிற வரைக்கும் ஒரு பேஸ்பால் ஆட்டம்கூடப் பார்க்காம இருக்கிறதுக்குத் தனித் திறமை வேணும்," என்றாள் டாட்டி காரசோ.

"குதிரைப் பந்தயம் பார்த்திருக்கேன்," என்றார் ஹோரஸ் லிங்க். "குதிரை பொய் சொல்லாது."

"குதிரை சொல்லாது. அது மேல பணம் கட்டிட்டு வந்தவன் வீட்ல சொல்வான்."

லிங்க் சிரிக்கவில்லை. ஹெரன்ஸ் அணியின் மைதான வாசலில் நின்று, கையிலிருந்த ஹாட் டாக்கிலிருந்து வழிந்த கடுகு விழுதைத் தன் டையிலிருந்து துடைக்க முயன்றுகொண்டிருந்தார். துடைக்கத் துடைக்க அது பரவியது. இந்தத் துப்பறிவாளரிடம் சம்பளம் வாங்குவதைப் பற்றி டாட்டி வாரம் ஒருமுறையாவது வெட்கப்படுவாள். அப்புறம் அவர் யாரும் கேட்காத ஒரு முட்டாள்தனமான கேள்வியைக் கேட்பார். வெட்கம் அடுத்த வாரத்துக்குத் தள்ளிப்போகும்.

இன்று தள்ளிப்போட நேரமில்லை. மூன்று மணிக்கு லீக் அதிகாரி விசாரணைக்கு வருகிறார். அதற்குள் ஆர்லோ டுட்கா குற்றமற்றவர் என்று காட்டியாக வேண்டும். முடியாவிட்டால் அவர் இனி எந்த மைதானத்திலும் பந்தைத் தொட முடியாது.

நடந்தது இதுதான். போன சனிக்கிழமை இதே மைதானத்தில் கிளே மெரிட் என்ற இருபத்தைந்து வயது இடது கைக்காரன், முதல் பந்திலிருந்து கடைசிப் பந்து வரை தானே வீசி, எதிரணியை ஒரு அடிகூட அடிக்க விடவில்லை. அதற்கு நோ-ஹிட்டர் என்று பெயர். ஹெரன்ஸ் சரித்திரத்தில் அதுவே முதல் முறை. ஊரே குடித்துக் கூத்தாடியது. ஆனால் ஒன்பதில் ஆறாவது இன்னிங்ஸில் எதிரணி மேனேஜர், "இவன் விரல்ல எதையோ தடவியிருக்கான், பந்து ஒட்டிக்கிட்டு வளையுது" என்று நடுவரிடம் கூச்சல் போட்டார். ஏழாவது இன்னிங்ஸ் தொடங்கும்முன் நடுவர்கள் மெரிட்டைச் சோதித்தார்கள். ஒன்றும் இல்லை. மேனேஜர் விடவில்லை. ஆட்டம் முடிந்ததும் உடை மாற்றும் அறையையே சோதித்தார்கள். பைன் மரத்திலிருந்து எடுக்கும் பிசுபிசுப்பான பைன் தார் நிறைந்த ஒரு தகர டப்பா அகப்பட்டது. மெரிட்டின் லாக்கரில் இல்லை. டுட்காவின் லாக்கரில்.

பைன் தாரை மட்டையில் தடவலாம், பாவமில்லை. பந்து வீசுகிறவன் விரலில் தடவினால் அது திருட்டு.

முகப்புக் கூடத்தில் கூட்டம் மொய்த்தது. நடுவில் கண்ணாடிப் பெட்டி. அதற்குள் மஞ்சள் விளக்கின் கீழே, சின்னப் பித்தளைத் தாங்கியின் மேல், நோ-ஹிட்டரின் கடைசிப் பந்து உட்கார்ந்திருந்தது. அணியின் ஜெனரல் மேனேஜர் ஸ்ப்ராக் அதன் பக்கத்தில் மாப்பிள்ளையின் அப்பா மாதிரி நின்று எல்லோரிடமும் கை குலுக்கினார்.

லிங்க்கைப் பார்த்ததும் அவர் முகம் சுண்டியது. "மிஸ்டர் லிங்க், உங்க கட்சிக்காரர்கிட்ட சொல்லுங்க. தப்பை ஒத்துக்கிட்டா பத்து ஆட்டம் தடை, அதோட முடிஞ்சிடும். அப்புறம் நாங்களே ஒரு விழா எடுத்து மரியாதையா அனுப்பி வெப்போம். முரண்டு பிடிச்சா லீக் அவரை முழுசா நசுக்கிடும்."

"அவர் செய்யலைன்னு சொல்றாரே?"

"முப்பத்தொன்பது வயசு, தோள் போன ஆள். வேற எப்படி இன்னும் வீசறாராம்?"

டாட்டிக்கு நாக்கு துறுதுறுத்தது. லிங்க் அவள் முழங்கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு சமையலறைப் பக்கம் போனார்.

அணிக்குச் சமைப்பவள் இலோனா கோவாச். ஹங்கேரிக்காரி. அடுப்பின் மேல் முட்டைக்கோஸ் இலையில் பொதிந்த கறி வெந்துகொண்டிருந்தது. அவள்தான் ஒரே சாட்சி. டுட்காவின் பெயரைக் கேட்டதும் கரண்டியை டமாரென்று வைத்தாள்.

"நான் ஆர்லோ பேரைச் சொல்லவே இல்லை, சார்! பார்த்ததைச் சொன்னேன். பேரை அவங்களே போட்டுக்கிட்டாங்க."

"என்ன பார்த்தீங்க?"

"ஆறாவது இன்னிங்ஸ், நம்ம பசங்க பேட் பண்ற நேரம். இதோ இந்தப் பரிமாறும் ஜன்னல் வழியா ஒருத்தன் லாக்கர் வரிசையில நின்னதைப் பார்த்தேன். முதுகுதான் தெரிஞ்சுது. அணி ஜாக்கெட். இடது கை மட்டும் ஜாக்கெட் கைக்குள்ள. வலது பக்கம் சும்மா தோள்ல தொங்கிச்சு. எதையோ உள்ளே வெச்சான், போயிட்டான். எனக்கு கோஸ் அடிபிடிக்குதேன்னு கவலை. நான் எங்கே முகத்தைப் பார்க்கிறது?"

லிங்க் டாட்டியைப் பார்த்தார். "ஜாக்கெட்டை ஏன் ஒரு கையில மட்டும் போடணும்? மறந்துட்டானா?"

"பாஸ், வீசுற கையைச் சூடா வெச்சுக்கணும். வலது கைக்காரன் வலது கையை மட்டும் நுழைப்பான், இடது கைக்காரன் இடது கையை. குளிர் நாள்ல எந்த மைதானத்துக்குப் போனாலும் பார்க்கலாம்."

"அப்போ வந்தவன் இடது கையால வீசுறவன்."

"நம்ம அணியில அப்படி ரெண்டே பேர். ஒருத்தன் மெரிட். அவன் அந்த நேரத்துல ஆட்டத்துல இருந்தான், மைதானம் முழுக்க அவனைத்தான் பார்த்துக்கிட்டிருந்துச்சு. இன்னொருத்தர் டுட்கா."

"டுட்கா அப்போ எங்கே இருந்தார்?"

இலோனா பெருமூச்சு விட்டாள். "கழிப்பறையில. அதை யாருகிட்ட சொல்லி நம்ப வைக்கிறது? புல்பென்ல கழிப்பறை கிடையாது. பாவம், இந்த நடைபாதை வழியாத்தான் வரணும்."

புல்பென் என்பது மைதானத்தின் கோடியில், வேலிக்குப் பின்னால், மாற்று வீச்சாளர்கள் முறைக்காகக் காத்திருக்கும் இடம். ஏப்ரல் காற்று ஏரியிலிருந்து எலும்புவரை வந்தது. பெஞ்சில் ஆர்லோ டுட்கா தனியாக உட்கார்ந்திருந்தார். நெட்டையான உடம்பு, நரை கலந்த தாடி. இடது கையில் ஒரு பந்தை உருட்டிக்கொண்டே இருந்தார். யார் என்ன தடை போட்டாலும் இந்தக் கை கேட்காது என்பதுபோல.

பதினாறு வருஷம் தொழில். ஏழு அணிகள் அவரை வாங்கி விற்றிருந்தன. வீடு தீப்பிடித்துவிட்டது என்பதுபோல ஆட்டம் கைமீறும்போதுதான் புல்பென்னில் டெலிபோன் அடிக்கும். டுட்கா நடந்து போவார். எதிரில் ஒரு இடது கை மட்டைக்காரன் நிற்பான். அவன் ஒருவனை வெளியேற்ற வேண்டும். சில நாள் மூன்றே பந்து, வேலை முடிந்தது, வந்த வழியே திரும்பி நடை. கைதட்டல் ஆட்டத்தைத் தொடங்கியவனுக்குப் போகும். டாட்டி பத்து வயதிலிருந்து இந்த விளையாட்டைப் பார்ப்பவள். உலகத்திலேயே நன்றிகெட்ட வேலை இதுதான் என்பது அவள் கட்சி.

"ஸ்ப்ராக் பேசினாரா?" என்றார் டுட்கா, நிமிராமல்.

"விழா எடுக்கறாராம்," என்றாள் டாட்டி. "கேக்கு வெட்டுவாங்கன்னு நினைக்கிறேன். கத்தி உங்க முதுகுல ஏற்கெனவே இருக்கு."

டுட்காவின் தாடிக்குள் ஒரு சிரிப்பு வந்து போனது. "நான் ஒத்துக்க மாட்டேன், மிஸ்டர் லிங்க். பட்டினி கிடந்தாலும் சரி. இந்தத் தோள்ல மூணு தடவை கத்தி வெச்சிருக்காங்க. ஒரு தடவைகூட நான் எதையும் தடவிக்கிட்டுப் போனதில்லை. போறப்போ திருடன்னு பேர் எடுத்துக்கிட்டுப் போக மாட்டேன்."

"சந்தோஷம். செஞ்சது யாருன்னு தெரியுமா?"

உருண்ட பந்து நின்றது. "உங்களை நான் கூப்பிட்டது நான் இல்லைன்னு காட்டத்தான். யாருன்னு காட்ட இல்லை. உடை மாத்துற அறைக்குள்ள நடக்கிறது அந்த அறைக்குள்ளயே இருக்கணும். நான் யார் பேரையும் சொல்ல மாட்டேன்."

"அதாவது, மனசுல ஒரு பேர் இருக்கு."

டுட்கா மறுபடி பந்தை உருட்டத் தொடங்கினார். லிங்க் பெஞ்சில் தொப்பென்று உட்கார்ந்து, முட்டாள்தனமான கேள்விகளில் முதலாவதை எடுத்தார்.

"இவ்வளவு குளிருதே. நீங்க ஏன் ஜாக்கெட்டை ரெண்டு கையிலயும் போட்டிருக்கீங்க? இடது கையில மட்டும்தானே போடணும்?"

"அது எதுக்கு எனக்கு?" என்றார் டுட்கா, குழந்தையிடம் சொல்வதுபோல. "வீசப் போறதுக்கு முன்னால ரெண்டு கையும் உள்ளே. வீசி முடிச்சா தோள்ல ஐஸ் மூட்டை. ஒரு தடவை போனா என் வேலை முடிஞ்சுது. வீசிட்டு வந்து, உட்கார்ந்து, மறுபடி வீசப் போறவனுக்குத்தான் அந்த ஒத்தைக் கை வேஷமெல்லாம். சூடான கை ஆறிடக் கூடாதுல்ல…"

சட்டென்று நிறுத்திக்கொண்டார். சொல்ல வேண்டாம் என்று நினைத்ததைச் சொல்லிவிட்டோம் என்பது அவருக்கே அப்போதுதான் உறைத்தது. எழுந்து வேலியோரம் போய் முதுகைக் காட்டி நின்றார்.

டாட்டி நெற்றியில் அடித்துக்கொண்டாள். அவளுக்குத் தெரியாத விஷயமா இது? பத்து வயதிலிருந்து பார்க்கிறாளே! தெரிந்தும் யோசிக்கவில்லை. யோசித்தால் விரல் நீள்கிற திசை அப்படி.

"பாஸ், முடியாது," என்றாள், மைதானத்துக்குள் நடக்கும்போது. "மெரிட் ஆட்டத்துல இருந்தான்."

"நம்ம ஆளுங்க பேட் பண்ணும்போது அவன் என்ன செய்வான்?"

"பெஞ்ச்ல உட்காருவான். ஆனா ஆறாவது இன்னிங்ஸ்ல நம்ம பசங்க அடிச்சுத் தள்ளினாங்க. அஞ்சு ரன். கால் மணி நேரத்துக்கு மேல இழுத்துது. அவ்வளவு நேரம் அவன் பெஞ்ச்ல இல்லைன்னா அணி மொத்தத்துக்கும் தெரியாதா? ஒருத்தன் ரெண்டு பேரா, பாஸ், பெஞ்ச் நிறைய ஆளு!"

"கேட்டுத்தான் பார்ப்போமே."

பெஞ்சின் படியில் எஃப்ரைன் லூகோ உட்கார்ந்து ஷூ முடிச்சைப் போட்டுக்கொண்டிருந்தான். அணியில் இரண்டாவது பேஸைக் காக்கும் ஆட்டக்காரன், போர்ட்டோ ரிக்கோக்காரன், வாய் ஓயாதவன்.

"மெரிட்டா? பெஞ்ச்லதான் இருந்தான். அதோ, கடைசி மூலை, தண்ணி டிரம் பக்கத்துல. எங்கே போவான்?"

"நீங்க பார்த்தீங்களா?" என்றார் லிங்க்.

"இருந்தான்னுதான் சொல்றேனே."

"இருந்தது சரி. பார்த்தீங்களா? குனிஞ்சு உட்கார்ந்திருந்தானா, சாய்ஞ்சு உட்கார்ந்திருந்தானா?"

லூகோ அவரை ஏற இறங்கப் பார்த்தான். பிறகு டாட்டியிடம், "இவரு எந்த நாட்டுக்காரர்?" என்றான்.

"இதே ஊர்தான். மன்னிச்சு விட்டுடுங்க."

"சார், அவன் ஆறு இன்னிங்ஸா ஒரு அடி குடுக்கலை. நோ-ஹிட்டர் போய்க்கிட்டிருக்கு! அப்போ யாராவது அவனைப் பார்ப்பாங்களா? பேசக் கூடாது, பக்கத்துல உட்காரக் கூடாது, அந்தப் பக்கம் தலையைக்கூடத் திருப்பக் கூடாது. கண்ணு பட்டா காரியம் கெட்டுது! அந்தப் பாதி பெஞ்சைக் காலியா விட்டுட்டு நாங்க எல்லாரும் இந்தப் பாதியில மூட்டை மாதிரி அடுக்கிக்கிட்டு உட்கார்ந்திருந்தோம். தண்ணி டிரம் அவன் பக்கத்துல. நான் மூணு இன்னிங்ஸ் தண்ணியே குடிக்கலை. நாக்கு வறண்டு செத்தேன்."

"மேனேஜர்?"

"அவர் கூரையைப் பார்த்துக்கிட்டு நின்னார்."

லிங்க் மெதுவாக அந்தக் கோடி மூலைக்கு நடந்தார். தண்ணீர் டிரம். அதை ஒட்டி ஒரு கதவு. தள்ளினார். நடைபாதை. அதன் மறுகோடியிலிருந்து வேகும் முட்டைக்கோஸ் வாசனை வந்தது.

டாட்டி படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். "கடவுளே. முப்பதாயிரம் பேர் கண்ணு வெச்ச ஆளை, பக்கத்துல இருந்த ஒருத்தன்கூடப் பார்க்கலை."

"பார்க்க மாட்டாங்கன்னு அவனுக்குத் தெரியும்," என்றார் லிங்க். "நடுவர் சோதிக்கப் போறார்னு தெரிஞ்சதும் டப்பாவை எடுத்துக்கிட்டு எழுந்திருக்கான். யார் தடுக்கிறது? ஆனா கை ஆறக் கூடாதேன்னு ஜாக்கெட்டை மாட்டிக்கிட்டான் பாரு, அது பழக்க தோஷம்."

"நிரூபிக்கணுமே, பாஸ். பார்க்காததுக்கு எப்படி சாட்சி கூப்பிடறது?"

"டப்பா போயிடுச்சு. அதுக்கப்புறமும் அவன் மூணு இன்னிங்ஸ் வீசியிருக்கான். அது இல்லாம வீச முடியறவனா இருந்தா முதல்லயே எதுக்கு டப்பா? எங்கேயோ ஒரு பொட்டு மிச்சம் வெச்சிருப்பான். நடுவர் கை வைக்காத இடத்துல." லிங்க் டையைச் சரிசெய்தார். கடுகு மேலும் பரவியது. "டாட்டி, கடைசிப் பந்தை என்ன செய்வாங்க?"

அவள் படியிலிருந்து துள்ளி எழுந்தாள். முகப்பை நோக்கி ஓடியேவிட்டாள்.

கூடத்திலிருந்து பொதுமக்களை வெளியேற்றிக் கதவைச் சாத்தியிருந்தார்கள். மூன்று மணி விசாரணைக்கு முன்னால் பத்திரிகைகளுக்காக மெரிட் பந்தோடு நின்று படம் எடுத்துக்கொள்ள ஏற்பாடு. சூட்டும் சிரிப்புமாக அவன் பெட்டியின் பக்கத்தில் நின்றான். அதற்குள் டாட்டி புல்பென்னிலிருந்து டுட்காவையும் கையோடு இழுத்து வந்திருந்தாள். அவர் தூணோரம் நின்றார்.

"அருமையான பந்து," என்றார் லிங்க், ஸ்ப்ராக்கிடம். "இதை எத்தனை பேர் தொட்டிருப்பாங்க!"

"ஒருத்தர்கூட இல்லை," என்றார் ஸ்ப்ராக், நெஞ்சை நிமிர்த்தி. "கேட்சர் கையுறையிலிருந்து நேரா தாங்கிக்குப் போச்சு. நானே பூட்டினேன். சாவி இதோ, என் சங்கிலியில. லீக் தலைவரே கேட்டாலும் குடுக்க மாட்டேன்."

"கிட்டத்துல பார்க்கலாமா? கண்ணாடியில விளக்கு அடிக்குது."

ஸ்ப்ராக் தயங்கினார். மெரிட் பெருந்தன்மையாக, "பார்க்கட்டும் சார், பந்து தேய்ஞ்சா போயிடும்?" என்றான். பூட்டு திறந்தது.

லிங்க் பந்தைத் தொடவில்லை. பித்தளைத் தாங்கியின் அடியைப் பிடித்துத் தூக்கினார். வெளிச்சத்தில் காட்டினார். பிறகு தலைகீழாகக் கவிழ்த்தார்.

"ஐயோ!" என்றார் ஸ்ப்ராக்.

டாட்டி கீழே இரண்டு கைகளையும் ஏந்தினாள். பந்து விழவில்லை. லிங்க் தாங்கியை ஒருமுறை உதறினார். அப்போதும் விழவில்லை. ஒரு வாரம் விளக்குச் சூட்டில் இருந்து, பித்தளையோடு கெட்டியாக ஒட்டிப்போயிருந்தது.

"இவ்வளவு பாசமான பந்தை நான் பார்த்ததே இல்லை," என்றாள் டாட்டி.

மெரிட்டின் சிரிப்பு முகத்திலேயே மாட்டிக்கொண்டது. "அது… ரோசின் பொடி. கை வழுக்காம இருக்க எல்லாரும் போடறதுதான்."

"பொடின்னா மாவு மாதிரி உதிரும்னு சொன்னாங்க," என்றார் லிங்க். ஜாக்கெட்டையும், காலியான பாதி பெஞ்சையும், தண்ணீர் டிரம் பக்கத்துக் கதவையும் ஒவ்வொன்றாகச் சொல்லி முடித்தார். அவர் குரல் உயரவே இல்லை. "டுட்கா லாக்கர்ல வெச்சது ஏன்? உன் லாக்கருக்குப் பக்கத்து லாக்கர், அவ்வளவுதானா? இல்லை, இடது கைக்காரன் வேற யாரும் இல்லைன்னா?"

ஸ்ப்ராக் அவசரமாகத் தாங்கியை வாங்கித் தன் கோட்டுக்குள் மறைக்கப் பார்த்தார். பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கப் பார்த்த கதைதான். பந்து கோட்டிலும் ஒட்டிக்கொண்டது.

மெரிட் தூணோரம் திரும்பினான். இப்போது அவன் குரலில் பயம் போய், செல்லம் கொடுத்து வளர்க்கப்பட்டவனின் அலுப்பு மட்டும் இருந்தது. "பெருசு, உனக்கு இப்போ என்ன போச்சு? எப்படியும் முடிஞ்சு போன ஆளு. இந்த வருஷம் இல்லைன்னா அடுத்த வருஷம். எனக்கு இன்னும் பத்து வருஷம் இருக்கு. நீ கொஞ்சம் சுமந்தா என்ன?"

"சரி, சரி," என்றார் ஸ்ப்ராக். நெற்றியில் வேர்வை. "ஆர்லோ, கேளுங்க. உங்க மேல இருந்த குற்றச்சாட்டை வாபஸ் வாங்கிடறோம். டப்பா யாரோடதுன்னு தெரியலைன்னு சொல்லிடலாம். இந்த சீசன் முழுக்க உங்க இடம் உறுதி. அடுத்த வருஷம் பயிற்சியாளர். பந்து பெட்டிக்குள்ள இருக்கட்டும். ஊர் சந்தோஷமா இருக்கு, அதை எதுக்குக் கெடுக்கணும்? வாயைத் திறந்தா உங்களுக்கு இந்த ஊர்ல எவன் கை குடுப்பான்?"

டாட்டி டுட்காவைப் பார்த்தாள். மோசமான பேரம் இல்லை. அவளுக்குத் தெரிந்த பாதிப்பேர் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போயிருப்பார்கள். அறைக்குள் நடந்தது அறைக்குள்ளேயே இருக்க வேண்டும் என்று சொன்ன மனிதர் வேறு.

டுட்கா மெரிட்டின் முன்னால் வந்து நின்றார்.

"உன் பேரை நான் சொல்லப் போறதில்லைன்னுதான் இருந்தேன். இப்போ நீயே வந்து கேட்டுக்கிட்ட." குரல் நடுங்கவில்லை. "பதினாறு வருஷமா இன்னொருத்தன் குழப்பி வெச்சதைத் துடைக்கத்தான் என்னைக் கூப்பிட்டாங்க. வந்தேன். குறை சொல்லலை. ஆனா ஒண்ணு கேட்டுக்கோ. நீ பேஸ்ல ஏத்தி விட்டுட்டுப் போன எதிரணி ஆளு, நான் வீசும்போது ஓடி வந்து ரன் எடுத்தாலும், அது உன் கணக்குலதான் எழுதுவாங்க. என் கணக்குல எழுத மாட்டாங்க. இந்த விளையாட்டுல எனக்குக் கிடைச்ச ஒரே நியாயம் அது. அதை மாத்த நீ யாருடா?"

"ஆர்லோ, யோசிங்க!" என்றார் ஸ்ப்ராக்.

"யோசிச்சாச்சு. என்னை வேணும்னா நாளைக்கே விலக்குங்க. எட்டாவது அணி தேடிக்கிறேன். கிடைக்கலைன்னா வீட்டுக்குப் போறேன். திருடனா போக மாட்டேன்."

அவர் நேராக நடந்து போய் வாசல் கதவின் தாழ்ப்பாளைத் தள்ளினார்.

வெளியே பத்திரிகைக்காரர்கள் அடைத்துக்கொண்டு நின்றார்கள். பின்னால் லீக் அதிகாரியின் சாம்பல் நிறத் தொப்பியும் தெரிந்தது. கதவு திறந்ததும் கேமராக்கள் உயர்ந்தன. "மெரிட்! இந்தப் பக்கம், மெரிட்! பந்தைக் கையில எடுங்க!" ஒருவன் டுட்காவின் தோளில் கைவைத்து ஓரமாகத் தள்ளினான். "பெருசு, கொஞ்சம் விலகுங்க. மறைக்குது."

டுட்கா விலகவில்லை. இடது கையைக் குறுக்கே நீட்டிக் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டார். முன்னால் வந்தவன் அந்தக் கையில் மோதி நின்றான்.

"அவன் எங்கேயும் போக மாட்டான்," என்றார். "பேனாவை எடு. முதல்ல என் பேரை எழுது. ஆர்லோ டுட்கா. எழுதிட்டியா? சரி, இப்போ கேளு."